ஏழாம் அத்தியாயம்: வாங்கிய விளையாட்டு கணினியில் எங்கே இருக்கிறது?

ஜெலுத்தோங் அடுக்குமாடி வீடானாலும் சரி, ஆயர் ஈத்தாம் வரிசை வீடானாலும் சரி, ஒரு குடும்பத்தில் கணினி நான்கைந்து ஆண்டுகள் உழைத்திருக்குமானால், கணக்கு வழக்குகளுக்கும் பள்ளிக்கூடப் பாடங்களுக்கும் இடையே அதில் சில விளையாட்டுகளும் குடிபுகுந்து, எது காசு கொடுத்து வாங்கியது, எது இலவசமாக வந்தது, எது இன்னும் வன்தட்டில் இருக்கிறது, எது பெயரளவில் மட்டும் இருக்கிறது என்பது வீட்டாருக்கே விளங்காத ஒரு நிலை உண்டாகிவிடுவது சகஜம். சாதாரண நாட்களில் இந்தக் குழப்பம் ஒருவரையும் வருத்துவதில்லை. வன்தட்டு நிரம்பிவிட்டதென்று கணினி எச்சரிக்கும்போதோ, விண்டோஸை மறுபடியும் நிறுவிய பிறகு திரை வெறிச்சென்று காட்சி தரும்போதோ, கோலாலம்பூருக்குப் படிக்கப் போன மகன் தொலைபேசியில் அழைத்து, "அப்பா, என் கேம் எல்லாம் இன்னும் இருக்கா? அழிச்சிடாதீங்கப்பா!" என்று பதறும்போதோதான் அது பெரிய விஷயமாகிறது.

அத்தகைய சமயத்தில் பெரும்பாலோர் செய்வது யாதெனில், கோப்புகளைக் காட்டும் ஜன்னலைத் திறந்து, விளையாட்டின் பெயரைத் தேடுபெட்டியில் தட்டி, நெடுநேரம் காத்திருந்து, கடைசியில் அகப்பட்டது ஒரு சின்னம் மட்டுமே என்று கண்டு சலித்துப்போவதுதான். தேடுவதில் குற்றமில்லை, எதைத் தேடுகிறோம் என்பதை முதலிலேயே நிச்சயித்துக் கொள்ளாததுதான் குற்றம். ஏனெனில் வாங்கிய விளையாட்டு ஒன்று மூன்று வெவ்வேறு ஸ்தானங்களில் பிரிந்து கிடக்கிறது. வாங்கியதற்கான உரிமை, விற்ற நிறுவனத்தின் கணினியில், உங்கள் கணக்கின் பெயரில் பதிவாகியிருக்கிறது. விளையாட்டை ஓட்டும் கோப்புகள் உங்கள் வன்தட்டில் இருக்கின்றன. ஆடியவர் எந்தக் கட்டம் வரையில் முன்னேறினார் என்பதைக் குறித்து வைக்கும் சேமிப்போ, பெரும்பாலும் இவ்விரண்டிலும் சேராத வேறோர் இடத்தில் ஒளிந்திருக்கிறது. நில அலுவலகத்தில் உள்ள கிராண்ட் ஒன்று, நிலத்தின்மேல் நிற்கும் வீடு மற்றொன்று, அந்த வீட்டில் குடும்பம் சேர்த்துவைத்த சாமான்கள் வேறொன்று அல்லவா? கிராண்ட் பத்திரமாக இருக்குமானால் இடிந்த வீட்டைத் திரும்பக் கட்டிக்கொள்ளலாம்; சாமான்கள் போனால் போனவைதாம். நூற்றைம்பது கிகாபைட் கோப்புகளைக் காப்பாற்ற அரும்பாடுபடும் மனிதர்கள், சில நூறு கிலோபைட் அளவேயுள்ள சேமிப்பைத் தெரியாமல் அழித்துவிட்டு வருந்துவதற்குக் காரணம், இந்த மூன்றின் தராதரத்தை அறியாமையே.

உரிமை எந்தக் கணக்கில்?

விளையாட்டுகளைத் தட்டில் வாங்கி வந்த காலம் மாறி, கணக்கின்பேரில் வாங்கும் காலம் வந்ததற்கு ஸ்டீம் என்ற கடையையே முக்கிய காரணமாகச் சொல்ல வேண்டும். அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003-ஆம் ஆண்டு செப்டம்பரில் அதைத் தொடங்கியது. போலந்து நாட்டின் ஜிஓஜி 2008-இலும், எபிக் கடை 2018-ஆம் ஆண்டு இறுதியிலும் வந்து சேர்ந்தன. மைக்ரோசாஃப்ட், இஏ, யூபிசாஃப்ட் ஆகியோரும் தத்தமக்கென்று கடை வைத்திருக்கிறார்கள். ஒரு கடையில் வாங்கியதை மற்றொரு கடை அறியாது. ஆகவே முதலில் விசாரிக்க வேண்டியது, எந்தக் கடை என்பதே.

நம் தேசத்திலேயே ஓர் உதாரணம் உண்டு. கோலாலம்பூரின் மெட்ரோனாமிக் நிறுவனம் படைத்த 'நோ ஸ்ட்ரெய்ட் ரோட்ஸ்' என்ற சங்கீத விளையாட்டு, 2020-இல் கணினிக்காக வெளிவந்தபோது எபிக் கடையில்தான் கிடைத்தது. ஸ்டீமுக்கு அடுத்த ஆண்டுதான் வந்தது. மலேசியப் படைப்பு என்ற அபிமானத்தால் முதல் மாதமே வாங்கிய ஒருவர், இன்று ஸ்டீமின் பட்டியலில் அதைத் தேடினால், தாம் ஏமாற்றப்பட்டதாகவே எண்ணிக்கொள்வார்.

கடை நினைவில் இல்லையென்றால் மின்னஞ்சலே சாட்சி. எந்தக் கடையும் பணம் பெற்றவுடன் ரசீது அனுப்பிவிடும். அஞ்சற்பெட்டியில் கடையின் பெயரைத் தட்டித் தேடினால், பத்தாண்டுகளுக்கு முந்திய ரசீதுகூட அநேகமாக அகப்படும். வங்கி அட்டைக் கணக்கும் உதவக்கூடியதே. ஆனால் பிள்ளைகள் தங்கள் கைச்செலவுப் பணத்தில் ஸ்டீம் வாலட் எண்ணைக் கடையில் வாங்கி, அதை வைத்து விளையாட்டு வாங்கியிருந்தால், வங்கியில் அதற்கு அடையாளமே இராது. அப்போது ஸ்டீமின் உள்ளேயே, வலப்பக்க மேல் மூலையில் தெரியும் கணக்குப் பெயரைத் தட்டி, 'அக்கவுண்ட் டீடெயில்ஸ்' வழியாக 'பர்ச்சேஸ் ஹிஸ்டரி' என்ற பகுதிக்குப் போனால், வாங்கியவை அனைத்தும் தேதி வாரியாக, இத்தனை வெள்ளி என்ற விலையோடு வரிசையாக நிற்கும்.

பட்டியலில் ஒரு விளையாட்டைக் காணோம் என்றால், உடனே திருட்டுப் போனதாகக் கருத வேண்டியதில்லை. அண்ணனும் தம்பியும் ஒரே கணினியில் தனித்தனிக் கணக்கு வைத்திருக்க, இப்போது திறந்திருப்பது மற்றவருடைய கணக்காக இருப்பதே மிகவும் சாதாரணமான காரணம். நிறுவப்பட்டவற்றை மட்டும் காட்டு என்று யாரோ சல்லடை போட்டிருக்கலாம். அல்லது அந்த விளையாட்டைப் பட்டியலிலிருந்து மறைத்து வைத்திருக்கலாம். 'வியூ' என்ற மெனுவில் 'ஹிடன் கேம்ஸ்' என்பதைத் திறந்தால் மறைந்தது வெளிப்படும். மறைத்தவர் ஏன் மறைத்தார் என்ற விசாரணை பெற்றோரைச் சேர்ந்தது. இந்நூலின் எல்லைக்கு உட்பட்டதன்று. 2024-ஆம் ஆண்டு முதல் ஸ்டீம் ஒரே வீட்டார் ஆறு பேர் வரையில் ஒரு குடும்பமாகச் சேர்ந்து ஒருவர் வாங்கியதை மற்றவரும் ஆட வழி செய்திருப்பதால், தகப்பனார் கணக்கில் தெரியும் விளையாட்டு மகனுடையதாகவும் இருக்கக்கூடும். மகன் குடும்பத்திலிருந்து விலகினால் அதுவும் கூடவே விலகும்.

எபிக் கடையின் வழக்கம் வேறு. அது வியாழக்கிழமை தோறும், நம் நாட்டு நேரப்படி இரவில், ஏதேனும் ஒரு விளையாட்டை இலவசமாகக் கொடுக்கிறது. இலவசம் என்றால் யாருக்குத்தான் ஆசை இராது? பெற்றுக்கொண்டவர் பெரும்பாலும் அதை நிறுவுவதே இல்லை. வன்தட்டில் ஒரு கோப்பும் இல்லாமல், உரிமை மாத்திரம் கணக்கில் தூங்குகிறது. ஆதலால் எபிக் பட்டியலில் நூறு பெயர்கள் இருப்பதைக் கண்டு, வன்தட்டை நிரப்பியது இதுதான் என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

உரிமை என்று இதுவரை சொல்லிவந்ததைச் சிறிது திருத்திக்கொள்வதும் நியாயமே. நாம் வாங்குவது பொருளையன்று. ஆடுவதற்கான அனுமதியையே வாங்குகிறோம். கலிஃபோர்னியா மாநிலம் 2025-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்த சட்டம், இதைக் கடைக்காரர்கள் வெளிப்படையாகச் சொல்ல வேண்டுமென்று விதித்தது. அதற்குச் சில மாதங்கள் முன்பே ஸ்டீம் தன் பணம் செலுத்தும் பக்கத்தில் அந்த வாசகத்தை எழுதிவிட்டது. நம் அரசாங்கமும், வெளிநாட்டுக் கடைகளின் இத்தகைய விற்பனைக்கு 2020 ஜனவரி முதல் ஆறு சதவீதமும், 2024 மார்ச் முதல் எட்டு சதவீதமும் வசூலிப்பது சேவை வரி என்ற பெயரில்தான். யூபிசாஃப்டின் 'தி க்ரூ' என்ற கார்ப் பந்தய விளையாட்டு 2024 மார்ச் 31-ஆம் தேதி அதன் சர்வர்கள் நிறுத்தப்பட்டபோது, காசு கொடுத்தவர்களின் வன்தட்டில் கோப்புகள் முழுமையாக இருந்தும் ஆட முடியாத பண்டமாகிவிட்டது. இவ்விஷயத்தில் ஜிஓஜி மற்றவர்களைவிட மேலானது என்பது என் அபிப்பிராயம். அங்கே வாங்கியதன் நிறுவற்கோப்பை அப்படியே இறக்கி ஒரு வெளித்தட்டில் வைத்துக்கொண்டால், கடையின் தயவு பிறகு தேவையில்லை.

கோப்புகள் கிடக்கும் இடம்

இனி வன்தட்டுக்கு வருவோம். உதாரணத்துக்கு 'வெண்பா' என்ற விளையாட்டையே எடுத்துக்கொள்ளலாம். கனடாவின் டொராண்டோவில் உள்ள விசை கேம்ஸ் என்ற சிறு நிறுவனம் 2023 ஜூலை 31-ஆம் தேதி வெளியிட்டது அது. 1980-களில் அந்நாட்டில் குடியேறிய ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதை. தாயாரிடமிருந்து வந்த, எழுத்துகள் அழிந்துபோன சமையற் குறிப்பை வைத்துக்கொண்டு இட்லியும் புட்டும் செய்வதே ஆட்டம். அடுத்த ஆண்டு பிரிட்டனின் பாஃப்டா விருதுகளில் முதற்படைப்புக்கான விருதையும் அது பெற்றது. பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுத்துவிட்டுப் பெரியவர்களே உட்கார்ந்து ஆடிமுடித்த வீடுகளும் உண்டு என்பதால், நம்மவர் கணினியில் இதைத் தேட வேண்டிய அவசியம் நேர்வது இயல்பே.

ஸ்டீமில் வாங்கியிருந்தால், சி டிரைவில் 'புரோகிராம் ஃபைல்ஸ்' என்ற பெயரில் இரண்டு கோப்புறைகள் இருப்பதையும், அவற்றுள் ஒன்று அடைப்புக்குறிக்குள் 'எக்ஸ் 86' என்ற அடையாளம் தாங்கியிருப்பதையும் காண்பீர்கள். அது 32-பிட் மென்பொருள்களுக்காக விண்டோஸ் ஒதுக்கிய அறை. ஸ்டீம் நெடுங்காலம் அந்த வகையைச் சேர்ந்ததாக இருந்தமையால், அதனுள் வாங்கிய விளையாட்டு எந்த வகையாயினும் அங்கேதான் போய்ச் சேருகிறது. அதற்குள் 'ஸ்டீம்', அதற்குள் 'ஸ்டீம்ஆப்ஸ்', அதற்குள் 'காமன்' என்று இறங்கினால், விளையாட்டுக்கு ஒன்றாகக் கோப்புறைகள் வரிசையாக நிற்கும். ஆயினும் இந்தப் பாதையை மனப்பாடம் செய்வதைவிடச் சுலபமான மார்க்கம் ஒன்றிருக்கிறது. ஸ்டீமின் பட்டியலில் விளையாட்டின் பெயர்மீது சுட்டியின் வலப்பொத்தானை அழுத்தி, 'மேனேஜ்' என்பதில் 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்பதைத் தேர்ந்தெடுத்தால், ஸ்டீமே கோப்புறையைத் திறந்து காட்டிவிடும். டி டிரைவில் வேறொரு நூலகம் அமைத்து அங்கே நிறுவியிருந்தாலும் இந்த வழி தவறாது.

பெயரை நம்பித் தேடுகிறவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. 2023 செப்டம்பரில் 'கவுண்டர்-ஸ்டிரைக் 2' வெளிவந்து பழைய 'குளோபல் அஃபென்சிவ்' இருந்த இடத்தைப் பிடித்துக்கொண்ட பிறகும், வன்தட்டில் கோப்புறையின் பெயர் பழைய பெயராகவே நீடிக்கிறது. புதிய பெயரில் கோப்புறை ஒன்றையும் காணாமல், பழையது இனி எதற்கு என்று அதை அழிப்பவர், ஆடிக்கொண்டிருக்கும் விளையாட்டையே அழித்தவராவார். அதுபோலவே மேசைத்திரையில் ஸ்டீம் வைக்கும் சின்னத்தை வலப்பொத்தானால் அழுத்தி 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' என்று கேட்பதாலும் பயனில்லை. அந்தச் சின்னம் கோப்பு எதையும் சுட்டாமல், இன்ன எண்ணுள்ள விளையாட்டை ஓட்டு என்று ஸ்டீமுக்குச் சொல்லும் ஒரு கட்டளையையே தாங்கியிருக்கிறது. சின்னத்தை அழித்தால் விளையாட்டு அழியாது என்பதும் இதனால் விளங்கும். இடம் காலியாகட்டும் என்று திரையிலுள்ள சின்னங்களையெல்லாம் குப்பைக்கூடையில் தள்ளிவிட்டு, வன்தட்டு அப்படியே நிரம்பி நிற்பதைக் கண்டு வியப்பவர் பலர்.

எபிக் கடையில் பெயருக்கு அருகிலுள்ள மூன்று புள்ளிகளைத் தட்டி 'மேனேஜ்' என்பதைத் திறந்தால், கோப்புறை வடிவச் சின்னம் ஒன்று தெரியும். வழக்கமான இடம், எக்ஸ் 86 அடையாளமில்லாத 'புரோகிராம் ஃபைல்ஸ்' அறையில் 'எபிக் கேம்ஸ்'. ஜிஓஜியில் 'மேனேஜ் இன்ஸ்டலேஷன்' வழியாக 'ஷோ ஃபோல்டர்'. இவற்றில் விஸ்தாரமாகச் சொல்லத்தக்கது ஒன்றுமில்லை.

மைக்ரோசாஃப்டின் ஏற்பாடுதான் சற்றுச் சிக்கலானது. 'வெண்பா'வை வாங்காமல், வெளிவந்த நாளிலேயே அது இடம்பெற்ற கேம் பாஸ் சந்தா மூலம் இறக்கியவர்கள், ஸ்டீமின் அறையில் எவ்வளவு தேடினாலும் காணமாட்டார்கள். எக்ஸ்பாக்ஸ் செயலி வழியாக வருபவை தற்காலத்தில் பொதுவாக சி டிரைவின் 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' கோப்புறையில், விளையாட்டின் பெயரின்கீழ் 'கன்டென்ட்' என்ற உட்கோப்புறையில் இறங்குகின்றன. பழைய முறையில் இறங்கியவையும் சிறிய விளையாட்டுகள் பலவும் 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற மறைவான கோப்புறையில் இருக்கும். அதைத் திறக்கப் போனால், கணினியின் சொந்தக்காரராகிய உங்களுக்கே அனுமதியில்லை என்று விண்டோஸ் மறுக்கும். கோபங்கொண்டு, எங்கோ கண்ட உபாயத்தின்படி அந்தக் கோப்புறையின் உடைமையை மாற்றி உள்ளே நுழைவது தகாது. கடைவழி வந்த மற்றச் செயலிகளும் அதனால் பழுதுபடக்கூடும். எக்ஸ்பாக்ஸ் செயலியிலேயே 'மேனேஜ்', 'ஃபைல்ஸ்' என்று சென்று 'பிரவுஸ்' என்பதைத் தட்டுவது போதும்.

எந்தக் கடையென்றே தெரியவில்லை, ஆனால் விளையாட்டு ஓடுகிறது என்றால், அதை ஓடவிட்டே கண்டுபிடிக்கலாம். விளையாட்டைத் திறந்து வைத்து, கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் ஆகிய மூன்று விசைகளையும் ஒருசேர அழுத்தினால், அப்போது இயங்கிக்கொண்டிருக்கும் மென்பொருள்களின் பட்டியல் வரும். அதில் விளையாட்டின் பெயர்மீது வலப்பொத்தானை அழுத்தி 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' என்றால், கோப்பு எங்கேயிருந்து ஓடுகிறதோ அந்த இடமே திறக்கும். இதைவிட நம்பகமான வழியை நான் அறியேன்.

நோக்கம் இடத்தைக் காலி செய்வதானால், விண்டோஸ் 'செட்டிங்ஸ்' பகுதியில் 'ஆப்ஸ்' என்பதன்கீழ் நிறுவப்பட்டவற்றை அளவின்படி வரிசைப்படுத்திப் பார்ப்பதே முதற்காரியம். வின்டிர்ஸ்டாட், விஸ்ட்ரீ முதலிய இலவசக் கருவிகள் வன்தட்டு முழுவதையும் பெரியதும் சிறியதுமான கட்டங்களாகச் சித்திரித்துக் காட்டும்; அதில் கண்ணை உறுத்தும் பெரிய கட்டம் பெரும்பாலும் விளையாட்டாகத்தான் இருக்கும். கோலாலம்பூரிலும் கிளை வைத்திருக்கும் லாரியன் நிறுவனத்தின் 'பால்டர்ஸ் கேட் 3' ஒன்றே 150 கிகாபைட் இடம் கேட்கிறது. அழிப்பதற்குமுன் ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். விநாடிக்கு 100 மெகாபிட் வேகமுள்ள இணைப்பில் அதைத் திரும்ப இறக்கக் குறைந்தது மூன்று மணி இருபது நிமிஷம் ஆகும். 30 மெகாபிட்டாயின் பதினொரு மணி நேரத்துக்குமேல் பிடிக்கும். இணைப்பு வேகமாக உள்ள வீட்டில் தாராளமாக அழிக்கலாம்; இல்லாத வீட்டில் வெளித்தட்டுக்கு மாற்றுவதே சௌகரியம். ஸ்டீமில் 'பிராபர்ட்டீஸ்' வழியாக 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' என்ற பகுதிக்குச் சென்றால் இடம் மாற்றும் பொத்தான் இருக்கிறது. கோப்புறையைக் கையால் பிடித்து இழுத்து மாற்றினால், ஸ்டீம் தன் குறிப்பேட்டில் எழுதிவைத்த இடமும் உண்மையான இடமும் வேறாகி, விளையாட்டு நிறுவப்படவில்லை என்றே அது சாதிக்கும்.

சேமிப்பு ஒளிந்திருக்கும் அறைகள்

இதுவே இந்த அத்தியாயத்தின் உயிர்நிலை. ஏனெனில் இங்கே ஒழுங்கு என்பதே கிடையாது. ஒவ்வொரு படைப்பாளியும் தம் மனம்போன இடத்தில் சேமிப்பை வைக்கிறார். 'டாக்குமென்ட்ஸ்' கோப்புறைக்குள் 'மை கேம்ஸ்' என்ற இடத்தில் வைப்பவர் சிலர். பயனர் பெயரின்கீழ் 'சேவ்டு கேம்ஸ்' என்றொரு கோப்புறையை விண்டோஸ் விஸ்டா காலத்திலேயே இதற்கென்று அமைத்துக் கொடுத்தும், அதை மதித்தவர் குறைவு. மிகப் பலர் 'ஆப்டேட்டா' என்ற மறைவிடத்தைத்தான் நாடுகிறார்கள். அது சாதாரணமாகக் கண்ணுக்குத் தெரியாது. கோப்பு ஜன்னலில் 'வியூ', 'ஷோ', 'ஹிடன் ஐட்டம்ஸ்' என்று தேர்ந்தெடுத்தால் மங்கலாகத் தோன்றும். அல்லது விண்டோஸ் விசையையும் ஆர் விசையையும் சேர்த்து அழுத்தி, வரும் பெட்டியில் இரண்டு சதவீதக் குறிகளுக்கு நடுவே 'ஆப்டேட்டா' என்று ஆங்கிலத்தில் தட்டினால் நேரே அதன் உள்ளறை ஒன்றில் கொண்டுபோய் விடும். ஒன்று என்று சொன்னதற்குக் காரணம், 'லோக்கல்', 'லோக்கல்லோ', 'ரோமிங்' என மூன்று அறைகள் இருப்பதே. மேற்சொன்ன வழி ரோமிங் அறையைத் திறக்கும், மற்ற இரண்டுக்கும் அங்கிருந்து ஒரு படி மேலே ஏறி இறங்க வேண்டும். யூனிட்டி என்ற கருவியால் செய்யப்பட்ட விளையாட்டுகள் பெரும்பாலும் லோக்கல்லோ அறையில், படைத்த நிறுவனத்தின் பெயரின்கீழ் வைக்கின்றன. ஆகவே விளையாட்டின் பெயரைத் தேடி ஏமாறாமல் நிறுவனத்தின் பெயரையும் தேடுக. ஸ்டீமே 'யூசர்டேட்டா' என்ற கோப்புறையில், கணக்கின் எண்ணையே பெயராகக் கொண்ட உட்கோப்புறைகளில் சிலவற்றை வைத்திருக்கிறது.

பழைய விளையாட்டு ஒன்றின் சேமிப்பு இவ்விடங்களில் எங்குமே காணப்படாவிடின், லோக்கல் அறையில் 'விர்ச்சுவல்ஸ்டோர்' என்ற கோப்புறையைப் பாருங்கள். விஸ்டாவுக்கு முந்திய விளையாட்டுகள் தங்கள் சேமிப்பை 'புரோகிராம் ஃபைல்ஸ்' அறைக்குள்ளேயே எழுதும் வழக்கமுடையவை. விண்டோஸ் அதைத் தடைசெய்த பிறகு, அவை எழுத முயல்வதையெல்லாம் ஓசையின்றி இங்கே திருப்பிவிட்டுக்கொண்டிருக்கிறது. விளையாட்டுக்கே இது தெரியாது.

இன்ன விளையாட்டுக்கு இன்ன இடம் என்று ஆயிரக்கணக்கான விளையாட்டுகளைப் பட்டியலிட்ட பிசிகேமிங்விக்கி என்ற பொதுக் களஞ்சியம் இணையத்தில் உண்டு. மேலே சொன்ன அறைகளில் கிடைக்கவில்லையானால் அங்கே பார்ப்பது காலத்தை மிச்சப்படுத்தும்.

ஸ்டீமின் பட்டியலில் மேகச் சின்னம் காட்டும் விளையாட்டுகள் தங்கள் சேமிப்பின் பிரதியை நிறுவனத்தின் கணினியிலும் வைத்திருக்கின்றன. அவற்றைப்பற்றி அவ்வளவாகக் கவலைப்பட வேண்டியதில்லை. மற்றவற்றை மாதம் ஒருமுறையாவது ஒரு யூஎஸ்பி தட்டில் பிரதி எடுத்துவைப்பது அவசியம். பினாங்கின் இடிமழையை அறிந்தவர்களுக்கு, ஒரு மின்னல் வீச்சில் கணினியும் வன்தட்டும் சேர்ந்து போவது சாத்தியமே என்று எடுத்துச் சொல்லத் தேவையில்லை. ஒன்டிரைவ் என்ற சேவையை இயக்கியிருப்பவர்கள் மற்றொன்றையும் கவனிக்க வேண்டும். அது 'டாக்குமென்ட்ஸ்' கோப்புறையைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டிருந்தால், 'மை கேம்ஸ்' இருக்குமிடமும் ஒன்டிரைவின் உள்ளே மாறியிருக்கும். பின்னர் அச்சேவையை நிறுத்தும்போது விளையாட்டு பழைய இடத்தைப் பார்த்து, சேமிப்பு ஒன்றுமில்லையென்று முதலிலிருந்து தொடங்கிவிடும். சேமிப்பு அழியவில்லை, ஒன்டிரைவின் கோப்புறையிலேயே இருக்கிறது. எடுத்துவந்து உரிய இடத்தில் வைத்தால் ஆட்டம் விட்ட இடத்திலிருந்தே தொடரும்.

தட்டில் வாங்கியவையும் தானாக வந்தவையும்

பெட்டியில் வந்த தட்டுகளை இன்னும் வைத்திருப்பவர்கள் உண்டு. கொம்தாரிலும் பிராங்கின் மாலிலும் அக்காலத்தில் தட்டு வாங்கியோரின் அலமாரிகளில், நம் தீவின் ஈரக்காற்றில் பூஞ்சை படிந்து அவை கிடக்கின்றன. அவற்றுக்கு உரிமை என்பது தட்டும், பெட்டியின் உட்புறம் ஒட்டிய நீண்ட எண்ணுமே. தட்டு நன்றாயிருந்து, அதைச் சுழற்றக் கருவி இருந்தாலும், சேஃப்டிஸ்க் என்ற பூட்டு போடப்பட்ட தட்டுகள் 2015-இல் வந்த விண்டோஸ் 10-இலும் அதற்குப் பிந்தியவற்றிலும் ஓடமாட்டா. அந்தப் பூட்டு கணினியின் பாதுகாப்புக்கு ஊறு செய்கிறதென்று மைக்ரோசாஃப்ட் அதை விலக்கிவிட்டது. அதே விளையாட்டை ஜிஓஜியில் சில வெள்ளி கொடுத்து மறுபடி வாங்குவதுதான் பெரும்பாலும் விவேகம். தெருவோரக் கடைகளில் ஐந்துக்கும் பத்துக்கும் விற்ற கள்ளத் தட்டுகளைப்பற்றிச் சொல்வானேன்? அவற்றை ஒடுக்கும் பொருட்டு 2000-ஆம் ஆண்டிலேயே ஒளித்தட்டுச் சட்டம் வந்தது. அவற்றுக்கு உரிமைப் பதிவு எங்கும் இல்லை. ஆதலால் தேடி மீட்பதற்கும் ஒன்றுமில்லை.

வீட்டுப் பெரியவர்கள் கேட்பது வேறொரு கேள்வி: "சீட்டாட்டத்தைக் காணோமே தம்பி, எங்கே போச்சு?" 1990-இல் விண்டோஸ் 3.0-உடன் வந்த சாலிட்டேர், விண்டோஸ் 7 வரையில் கூடவே பிறந்து கூடவே வளர்ந்தது. 2012-இல் விண்டோஸ் 8 வந்தபோது அது விலக்கப்பட்டு, மைக்ரோசாஃப்ட் கடையிலிருந்து பெறும் தனிச் செயலியாகிவிட்டது. கடையைத் திறந்து 'மைக்ரோசாஃப்ட் சாலிட்டேர் கலெக்ஷன்' என்று தேடினால் இலவசமாகவே கிடைக்கும்; நடுநடுவே விளம்பரம் வரும் என்பதைப் பெரியவருக்கு முன்கூட்டியே சொல்லிவைப்பது நல்லது.

புதிய கணினிக்கு மாறும்போது

விண்டோஸ் 10-க்கான ஆதரவு 2025 அக்டோபர் 14-ஆம் தேதி முடிந்தமையால், பல வீடுகளில் புதிய கணினி வந்து, பழையது விற்பனைக்கோ உறவினருக்கோ போகிறது. விளையாட்டுகள் டி டிரைவில் தனித்தட்டில் இருந்தால், அந்தத் தட்டைக் கழற்றிப் புதிய கணினியில் மாட்டி, ஸ்டீமை நிறுவி, 'செட்டிங்ஸ்' பகுதியில் 'ஸ்டோரேஜ்' என்பதன்கீழ் அந்த டிரைவைச் சேர்த்தால் போதும். இறக்க வேண்டியதே இல்லை. ஏதேனும் ஒன்று பட்டியலில் சேராமல் அடம்பிடித்தால், அதே இடத்தில் நிறுவும்படி கேளுங்கள். ஸ்டீம் ஏற்கனவே உள்ள கோப்புகளைப் பரிசோதித்துக் குறைவானதை மட்டும் இறக்கும். ஜிஓஜி செயலியும் பழைய கோப்புறையைக் காட்டினால் ஏற்றுக்கொள்ளும். எபிக் அவ்வாறு எளிதில் இணங்குவதில்லை. புதிதாக நிறுவத் தொடங்கி, சிறிது இறங்கியதும் நிறுத்தி, பழைய கோப்புகளை அந்தக் கோப்புறையில் கொட்டி, பிறகு தொடர வேண்டும், சுற்றுவழியாயினும் பலிக்கிறது.

பழைய கணினியை யாரிடமேனும் ஒப்படைக்கும் முன், ஆப்டேட்டாவின் மூன்று அறைகளையும், 'சேவ்டு கேம்ஸ்', 'மை கேம்ஸ்' கோப்புறைகளையும், ஸ்டீமின் 'யூசர்டேட்டா'வையும் முழுதாக வெளித்தட்டில் பிரதி எடுங்கள். எது தேவை, எது தேவையில்லை என்று அப்போது ஆராய வேண்டாம். பின்னர் ஒவ்வொரு கடையின் கணக்கிலிருந்தும் வெளியேறுங்கள். மறந்து கொடுத்துவிட்டால், 'ஸ்டீம் கார்டு' என்ற பாதுகாப்பு ஏற்பாட்டின் அமைப்புகளில் எல்லாச் சாதனங்களின் அனுமதியையும் ஒரே தட்டில் ரத்துசெய்யும் பொத்தான் இருக்கிறது. கணக்கின் பெயர், அது எந்த மின்னஞ்சலில் திறக்கப்பட்டது, உறுதிப்படுத்தும் எண் யாருடைய கைப்பேசிக்கு வருகிறது ஆகிய மூன்றையும் வீட்டு நோட்டுப் புத்தகத்தில் எழுதிவையுங்கள். கடவுச்சொல்லை அதே பக்கத்தில் எழுத வேண்டாம். மகன் வெளியூரில் கைப்பேசியை மாற்றும் நாளில், பழையதை விற்பதற்குமுன் ஸ்டீம் செயலியைப் புதியதற்கு மாற்றிவிட்டானா என்று ஒரு வார்த்தை கேட்டுக்கொள்வதும் நல்லது.